கூட்டுறவுச் சங்கம் ‘அரசு’ ஆகுமா?

தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கத்தைத் தமிழகக் கிராமங்களில் ‘சொசைட்டி’ என்றுதான் அழைக்கிறார்கள். பெரும்பாலானோரின் மனத்தில் அது ஓர் அரசு அலுவலகம். பயிர்க்கடன், நகைக்கடன், உரம் ஆகியவை அங்கே கிடைக்கின்றன. மாநிலத்தின் நியாயவிலைக் கடைகளில் மிகப் பெரும்பாலானவற்றை நடத்துபவையும் கூட்டுறவு நிறுவனங்களே. கடன் தள்ளுபடி அறிவிப்பு சங்கத்தின் பொதுப்பேரவையில் வெளியாவதில்லை, சட்டப்பேரவையில் வெளியாகிறது. 2021 பிப்ரவரியில் 16.43 லட்சம் விவசாயிகள் கூட்டுறவு நிறுவனங்களில் பெற்றிருந்த ரூ.12,110 கோடி பயிர்க்கடன் தள்ளுபடி செய்யப்படும் என்று அரசு அறிவித்ததை இதற்கு எடுத்துக்காட்டாகச் சொல்லலாம்.

இத்தனை நெருக்கமாக அரசின் கை படிந்திருக்கும் ஒரு சங்கம், தகுதியுள்ள உறுப்பினருக்குக் கடன் மறுத்தாலோ, ஊழியர் ஒருவரைப் பணிநீக்கம் செய்தாலோ, பாதிக்கப்பட்டவர் உயர்நீதிமன்றத்தை நாடுவதுதான் இயல்பு. அங்கே அவருக்குப் பல நேரங்களில் கிடைக்கும் பதில் அவரைத் திகைக்க வைக்கிறது. ‘சங்கம் அரசு அல்ல, அதற்கு எதிரான ரிட் மனு ஏற்கத்தக்கதல்ல’ என்பதே அந்தப் பதில். வழக்கின் நியாயம் பேசப்படாமலேயே, வாசலிலேயே வழக்கு முடிந்துவிடுகிறது. சில நேரங்களில் அந்த முடிவு வருவதற்குள் ஆண்டுகள் ஓடிவிடுகின்றன. ஆகவே, கூட்டுறவுச் சங்கம் ‘அரசு’ ஆகுமா என்பது சட்டக் கல்லூரி வகுப்பறைக்கு மட்டும் உரிய கேள்வி அல்ல.

அடிப்படையை முதலில் பார்ப்போம். அடிப்படை உரிமைகள் பெரும்பாலும் அரசுக்கு எதிரானவை. அரசு என்றால் யார் என்பதை அரசமைப்புச் சட்டத்தின் 12-ஆவது பிரிவு சொல்கிறது. மத்திய, மாநில அரசுகள், நாடாளுமன்றம், சட்டப்பேரவைகள், உள்ளாட்சி அமைப்புகள் ஆகியவற்றுடன் ‘பிற அதிகார அமைப்புகள்’ என்ற சொற்களையும் அந்தப் பிரிவு சேர்த்துள்ளது. இந்தச் சிறு சொற்றொடரின் எல்லை எது என்பதுதான் அரை நூற்றாண்டுக்கும் மேலாக நீதிமன்றங்களில் நடந்துவரும் விவாதம்.

அரசு தன் பணிகளை வாரியங்கள், கழகங்கள், பதிவுபெற்ற சங்கங்கள் வழியாகச் செய்யத் தொடங்கியபோது, அவற்றின் பின்னால் மறைந்துகொண்டு அரசு தன் பொறுப்பைத் தட்டிக்கழிக்கக் கூடாது என்ற கவலை எழுந்தது. ஸ்ரீநகர் மண்டலப் பொறியியல் கல்லூரி தொடர்பான அஜய் ஹாசியா வழக்கில், உச்சநீதிமன்றம் சில அளவுகோல்களைத் தொகுத்துத் தந்தது. பங்கு மூலதனம் முழுவதும் அரசுடையதா, செலவில் ஏறத்தாழ முழுவதையும் அரசே ஏற்கிறதா, அரசு அளித்த ஏகபோக உரிமை உண்டா, அரசின் கட்டுப்பாடு ஆழமாகவும் பரவலாகவும் இருக்கிறதா, செய்யும் பணி அரசின் பணியோடு நெருங்கியதா, அரசுத் துறை ஒன்றே அந்த அமைப்பாக மாற்றப்பட்டதா என்பவை அவை.

2002-இல் பிரதீப் குமார் பிஸ்வாஸ் வழக்கில் ஏழு நீதிபதிகள் கொண்ட அமர்வு இதை மேலும் தெளிவுபடுத்தியது. இந்த அளவுகோல்களில் ஒன்றிரண்டு பொருந்திவிட்டாலே ஓர் அமைப்பு அரசாகிவிடாது. நிதியிலும், பணியிலும், நிர்வாகத்திலும் அது அரசின் ஆதிக்கத்துக்கு உட்பட்டதாக இருக்க வேண்டும். அந்தக் கட்டுப்பாடு குறிப்பாக அந்த அமைப்பின் மீது செலுத்தப்படுவதாகவும், அதன் எல்லாச் செயல்பாடுகளிலும் பரவியதாகவும் இருக்க வேண்டும். ஒரு சட்டத்தின் கீழ் எல்லோருக்கும் பொதுவாக விதிக்கப்படும் ஒழுங்குமுறைக் கட்டுப்பாடு மட்டும் போதாது.

கூட்டுறவுச் சங்கங்களில் பெரும்பாலானவை தோற்றுப்போவது இந்த இடத்தில்தான். பதிவாளர் ஆய்வு செய்கிறார், தணிக்கை நடக்கிறது, விசாரணைக்கு உத்தரவிடப்படுகிறது, நிர்வாகக் குழுவைக்கூடக் கலைக்க முடிகிறது. ஆனால், இவை எல்லாச் சங்கங்களுக்கும் பொதுவான ஒழுங்குமுறை அதிகாரங்கள். உத்தரப் பிரதேசத்தின் கூட்டுறவுச் சர்க்கரை ஆலை ஒன்றின் வழக்கில், 15 பேர் கொண்ட நிர்வாகக் குழுவில் அரசு நியமிப்பது ஐவரை மட்டுமே என்பதைச் சுட்டிக்காட்டி, அந்த ஆலை அரசு அல்ல என்று 2003-இல் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஹிமாசலப் பிரதேசத்தின் காங்ரா மத்திய கூட்டுறவு வங்கி குறித்து 2006-இல் வந்த தீர்ப்பும் இதே வழியில் அமைந்தது.

அதேநேரம், ‘கூட்டுறவு’ என்ற பெயர் இருந்தாலே அரசு அல்ல என்றும் சொல்லிவிட முடியாது. உத்தரப் பிரதேச மாநிலக் கூட்டுறவு நில வள வங்கியை, அதன்மீது அரசுக்கு இருந்த முழுமையான கட்டுப்பாட்டைக் கருத்தில்கொண்டு, அரசின் வரையறைக்குள் வருவதாக உச்சநீதிமன்றம் ஏற்றிருக்கிறது. ஆக, பெயர்ப் பலகை விடை சொல்வதில்லை. ஒவ்வொரு சங்கத்தின் மூலதனம், நிர்வாகம், விதிகள் ஆகியவற்றைத் தனித்தனியே பார்த்தே முடிவு செய்ய வேண்டியிருக்கிறது.

தமிழகத்தைப் பொருத்தவரை, 2006-இல் சென்னை உயர்நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு மாரப்பன் வழக்கில் அளித்த தீர்ப்பே இன்றும் வழிகாட்டி. வங்கித் தொழில் செய்யும் அந்த வழக்கின் கூட்டுறவுச் சங்கம் அரசின் அங்கம் அல்ல என்று அமர்வு கூறியது. சங்கத்தின் துணைவிதிகளுக்குச் சட்டத்தின் வலிமை இல்லை. ஆகவே, அரசு என்று கருத முடியாத ஒரு சங்கத்தின் ஊழியர்கள், துணைவிதிகளில் உள்ள பணி நிபந்தனைகளை ரிட் மனு மூலம் நிலைநாட்ட முடியாது என்றும் அது தெளிவுபடுத்தியது.

ஆனால், அந்தத் தீர்ப்பு கதவை முழுமையாக மூடிவிடவில்லை. பலரும் கவனிக்கத் தவறும் பகுதி இதுதான். அடிப்படை உரிமைகளுக்காக உச்சநீதிமன்றத்தை நாடும் 32-ஆவது பிரிவைவிட, உயர்நீதிமன்றத்துக்கு அதிகாரம் அளிக்கும் 226-ஆவது பிரிவு விரிவானது. ‘எந்த நபருக்கும் அல்லது அதிகார அமைப்புக்கும்’, அடிப்படை உரிமைகளுக்காக மட்டுமின்றி ‘வேறு எந்த நோக்கத்துக்காகவும்’ ஆணை பிறப்பிக்கலாம் என்று அது சொல்கிறது. எனவே, ஒரு சங்கம் அரசாக இல்லாவிட்டாலும், சட்டம் அதன்மீது சுமத்திய பொதுக் கடமையை அது நிறைவேற்றத் தவறினால் ரிட் மனு ஏற்கத்தக்கதே என்றது ஐவர் அமர்வு. எல்லோரையும் கட்டுப்படுத்தும் சட்டப் பிரிவு ஒன்றைச் சங்கம் மீறினாலும் அப்படியே.

ஆக, பாதிக்கப்பட்டவர் கேட்க வேண்டிய முதல் கேள்வி ‘சங்கம் அரசா?’ என்பதல்ல, ‘சங்கம் மீறியது எதை?’ என்பதே. மீறப்பட்டது சட்டமோ சட்டத்தின் கீழான விதியோ என்றால் உயர்நீதிமன்றத்தின் கதவைத் தட்டலாம். மீறப்பட்டது துணைவிதியோ ஒப்பந்தமோ என்றால் வேறு கதவைத் தேட வேண்டும். முடிவை எடுத்தவர் பதிவாளரோ துணைப்பதிவாளரோ என்றால் சிக்கலே இல்லை. அவர்கள் அரசு அதிகாரிகள். சட்டப்படி அவர்கள் பிறப்பிக்கும் உத்தரவுகள் நீதிமன்றத்தின் பரிசீலனைக்கு உட்பட்டவை.

வேறு கதவுகள் எவை? 1983-ஆம் ஆண்டின் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம், நடைமுறைக்கு வந்த 1988 முதல் சில வழிகளைத் தந்துள்ளது. சங்கத்தின் அமைப்பு, நிர்வாகம், வணிகம் தொடர்பான பூசல்களை 90-ஆவது பிரிவின் கீழ் பதிவாளரிடம் கொண்டுசெல்லலாம். மேல்முறையீட்டுக்கு 152-ஆவது பிரிவும், சீராய்வுக்கு 153-ஆவது பிரிவும் உள்ளன. நிதி முறைகேடு என்றால் 81-ஆவது பிரிவின் கீழ் விசாரணையும், இழப்புக்குக் காரணமானவர்களிடம் 87-ஆவது பிரிவின் கீழ் தண்டத் தீர்வை வசூலும் உண்டு. ஊழியர்கள் மீதான ஒழுங்கு நடவடிக்கை 90-ஆவது பிரிவின் வரம்பில் வராது என்பதால், அவர்கள் பெரும்பாலும் தொழிலாளர் சட்டங்களின் கீழ் தீர்வு தேட வேண்டியிருக்கிறது. இப்படி மாற்று வழி இருக்கும்போது, தனிச் சிறப்பான காரணம் இல்லாமல் உயர்நீதிமன்றம் தலையிடாது என்பதும் மாரப்பன் தீர்ப்பில் உள்ளது.

உறுப்பினர்கள் அதிகம் அறியாத இன்னொரு வழி நுகர்வோர் ஆணையம். நெல் மூட்டைகளை அடகு வைத்துக் கடன் பெற்ற உறுப்பினர்களுக்கும் திருமுருகன் கூட்டுறவு வேளாண் கடன் சங்கத்துக்கும் இடையே எழுந்த வழக்கு, தமிழகத்திலிருந்து உச்சநீதிமன்றம் வரை சென்றது. பூசல்களைப் பதிவாளர்தான் தீர்க்க வேண்டும் என்று 90-ஆவது பிரிவு சொல்வதால் நுகர்வோர் மன்றத்துக்கு அதிகாரம் இல்லை என்பது சங்கத்தின் வாதம். 2003 டிசம்பரில் உச்சநீதிமன்றம் அதை ஏற்க மறுத்தது. நுகர்வோர் சட்டம் தரும் தீர்வு கூடுதலானது. கூட்டுறவுச் சட்டம் அதைத் தடுக்காது என்றது. அடகு வைத்த நகையை உரிய முன்னறிவிப்பின்றி ஏலம் விட்டதாகவோ, வைப்புத் தொகையைத் திருப்பித் தரவில்லை என்றோ குமுறும் எளிய உறுப்பினருக்கு, ரிட் மனுவைவிடச் செலவு குறைந்த பாதை இது.

தகவல் அறியும் உரிமையிலும் இதே சிக்கல் எழுந்தது. கூட்டுறவுச் சங்கங்கள் அனைத்தும் தகவல் தர வேண்டிய பொது அதிகார அமைப்புகளே என்று கேரள அரசு 2006-இல் சுற்றறிக்கை அனுப்பியது. தளப்பலம் சேவைக் கூட்டுறவு வங்கி வழக்கில், 2013 அக்டோபர் 7 அன்று உச்சநீதிமன்றம் அதை ஏற்கவில்லை. சட்டத்தால் உருவாக்கப்பட்ட அமைப்பு வேறு, உறுப்பினர்களால் உருவாக்கப்பட்டுச் சட்டத்தின்படி நடத்தப்படும் அமைப்பு வேறு என்று அது பிரித்துக் காட்டியது. ஆனால், பதிவாளர் பொது அதிகார அமைப்பே. சட்டப்படி சங்கத்திடமிருந்து அவர் பெறக்கூடிய தகவலை, விலக்குகளுக்கு உட்பட்டு, மனுதாரருக்குப் பெற்றுத் தரலாம் என்றும் அது கூறியது. இங்கும் பாடம் ஒன்றுதான். சங்கத்தின் கதவு மூடியிருந்தாலும் பதிவாளரின் கதவு திறந்தே இருக்கிறது.

இவ்வளவு சுற்றுவழி எதற்கு, எல்லாச் சங்கங்களையும் அரசு என்றே அறிவித்துவிடலாமே என்ற கேள்வி எழலாம். அது கூட்டுறவின் உயிர்நாடியையே அறுத்துவிடும். திருவள்ளூர் அருகே திரூரில் 1904-இல் நாட்டின் முதல் கூட்டுறவுக் கடன் சங்கம் தொடங்கப்பட்டபோது, கந்துவட்டிக்கு எதிராக விவசாயிகள் தங்கள் பணத்தைத் தாங்களே நிர்வகிப்பதுதான் நோக்கம். 2011-ஆம் ஆண்டின் 97-ஆவது அரசமைப்புத் திருத்தம், கூட்டுறவுச் சங்கம் அமைப்பதை 19-ஆவது பிரிவின் கீழ் அடிப்படை உரிமையாக்கியது. சங்கங்களின் தன்னாட்சியையும் ஜனநாயகக் கட்டுப்பாட்டையும் வளர்க்க அரசு முயல வேண்டும் என்று 43-பி பிரிவையும் சேர்த்தது. மாநிலச் சங்கங்களை ஒழுங்குபடுத்தும் பகுதியை, மாநிலங்களின் ஒப்புதல் பெறப்படாததால், 2021 ஜூலையில் உச்சநீதிமன்றம் செல்லாததாக்கிய பின்னும் இவ்விரண்டும் நிலைத்திருக்கின்றன. அரசுக்கு எதிராக உரிமை கோரும் தகுதி பெற்ற ஓர் அமைப்பை அரசு என்றே அழைப்பது முரண். அப்படி அழைத்தால், அரசின் தலையீட்டுக்கு நாமே நியாயம் கற்பித்தவர்களாவோம்.

தன்னாட்சிதான் காரணம் என்றால், அந்தத் தன்னாட்சி நடைமுறையில் இருக்கிறதா என்று கேட்டாக வேண்டும். தமிழகக் கூட்டுறவுச் சங்கங்கள் நீண்ட காலம் தேர்ந்தெடுக்கப்பட்ட நிர்வாகக் குழு இல்லாமல் தனி அலுவலர்களின் பொறுப்பில் இருந்தவை. 2013-இலும் 2018-இலும் தேர்தல்கள் நடந்தன. 2018-இல் தேர்வான குழுக்களின் ஐந்தாண்டுப் பதவிக்காலம் 2023-இல் முடிந்தபின், நிர்வாகம் மீண்டும் செயலாட்சியர்களாக நியமிக்கப்பட்ட அரசு அலுவலர்களிடம் சென்றது. உறுப்பினர்கள் தேர்ந்தெடுக்காத ஒருவர், அரசு நியமித்த ஒருவர், சங்கத்தின் பெயரில் முடிவெடுக்கிறார். அந்த முடிவை எதிர்த்தால், ‘இது உறுப்பினர்களின் தனியார் அமைப்பு’ என்ற வாதம் முன்வைக்கப்படுகிறது. அதிகாரம் செலுத்தும்போது அரசு. கணக்குக் கேட்கும்போது தனியார்.

தனி அலுவலர் நியமனத்தால் மட்டுமே சங்கம் ரிட் வரம்புக்குள் வந்துவிடாது. சட்டக் கடமை மீறப்பட்டால்தான் வரும் என்பது மாரப்பன் தீர்ப்பின் நிலை. தேர்தல் நடக்கும் வரையிலான தற்காலிக ஏற்பாடாகத் தனி அலுவலர் வரும்போது இது நியாயமானதே. தற்காலிகம் ஆண்டுக்கணக்கில் நீளும்போது, நிர்வாகத்தில் அரசின் ஆதிக்கம் என்ற பிஸ்வாஸ் அளவுகோல் அந்தச் சங்கத்துக்குப் பொருந்துமா என்று மீண்டும் கேட்பதில் தவறில்லை. மேலும், 90-ஆவது பிரிவின் கீழ் பூசலைத் தீர்ப்பவரும் கூட்டுறவுத் துறை அலுவலர்; சங்கத்தை நடத்தும் செயலாட்சியரும் பல இடங்களில் அதே துறையைச் சேர்ந்தவர். துறையின் முடிவைத் துறையே விசாரிக்கும்போது, ‘மாற்று வழி இருக்கிறது’ என்ற பதில் பாதிக்கப்பட்டவருக்கு ஆறுதல் தராது.

இதற்குத் தீர்வு நீதிமன்றத்தைவிடச் சட்டப்பேரவையிடமும் அரசிடமும்தான் அதிகம் இருக்கிறது. முதலாவதாக, சங்கங்களுக்குக் காலந்தவறாமல் தேர்தல் நடத்த வேண்டும். தனி அலுவலரின் காலத்துக்குச் சட்டம் வைக்கும் வரம்பு, நீட்டித்துக்கொண்டே போகக்கூடிய வரம்பாக இருக்கக் கூடாது. இரண்டாவதாக, எளிய உறுப்பினரின் வாழ்வைத் தொடும் சில பொறுப்புகளைத் துணைவிதிகளிலிருந்து எடுத்துச் சட்டத்தின் கீழான விதிகளிலேயே சேர்க்க வேண்டும். உறுப்பினர் சேர்க்கை விண்ணப்பத்துக்குக் குறித்த நாளுக்குள் எழுத்துமூலம் பதில், கடன் மறுத்தால் காரணம், நகை ஏலத்துக்கு முன் உரிய அறிவிப்பு, வாக்காளர் பட்டியல் வெளியீடு ஆகியவை அவற்றில் இடம்பெறலாம். துணைவிதிக்குச் சட்ட வலிமை இல்லை, விதிக்கு உண்டு. இந்த ஒரு மாற்றமே, சங்கத்தின் தன்னாட்சியைக் குலைக்காமல், மீறலை நீதிமன்றம் கேட்கக்கூடியதாக ஆக்கிவிடும்.

மூன்றாவதாக, 90-ஆவது பிரிவின் கீழான பூசல்களை, அந்தச் சங்கத்தை நடத்துவதிலோ மேற்பார்வையிடுவதிலோ தொடர்பில்லாத அலுவலரே விசாரிக்க வேண்டும். அதற்குக் கால வரம்பும் உண்மையில் பின்பற்றப்பட வேண்டும். நான்காவதாக, எந்தக் குறைக்கு எந்த இடத்தை அணுகுவது என்ற விவரத்தை ஒவ்வொரு சங்கத்தின் அறிவிப்புப் பலகையிலும் தமிழில் எழுதி வைக்கலாம். இதற்குச் சட்டத் திருத்தம்கூடத் தேவையில்லை.

அதுவரை, உறுப்பினர்களும் ஊழியர்களும் நினைவில் வைக்க வேண்டியது இதுதான்: சங்கத்தின் மீது கோபம் வந்தவுடன் ரிட் மனுவுக்கு ஓட வேண்டாம். மீறப்பட்டது சட்டமா துணைவிதியா, முடிவெடுத்தவர் சங்கமா பதிவாளரா என்ற இரண்டையும் எழுதி வைத்துக்கொண்டு வழக்குரைஞரைப் பாருங்கள். பதிவாளரிடம் மனு கொடுத்து, ஒப்புகைச் சீட்டு பெறுங்கள். அவர் செயல்படாமல் இருந்தால், அந்தச் செயலின்மையே உயர்நீதிமன்றத்தை நாடப் போதிய காரணம் ஆகலாம். தவறான வாசலில் நின்று கழிந்த ஆண்டுகளை எந்தத் தீர்ப்பும் திருப்பித் தராது.

கூட்டுறவுச் சங்கம் அரசாக வேண்டியதில்லை. ஆனால், அதை அரசே நடத்தும் காலம் வரை, அரசுக்குரிய பொறுப்பும் அதோடு சேர்ந்தே வர வேண்டும். அதிகாரம் ஒரு கையிலும் பொறுப்பு யார் கையிலும் இல்லாமலும் இருக்கும் நிலைக்குக் கூட்டுறவு என்ற பெயர் பொருந்தாது.